கரணை முதல் மூட்டை வரை: கவுந்தப்பாடிப் பக்கம் நாட்டுச்சர்க்கரை காய்ச்சும் முழு வழிகாட்டி

தை மாதம் விடிகாலையில் ஈரோடு மாவட்டம் பவானியிலிருந்து கோபிப் பக்கம் பஸ்ஸில் வந்தால், கவுந்தப்பாடி வருவதற்கு முன்பே மூக்கு சொல்லிவிடும். கரும்புப்பால் கொதிக்கிற வாசனையும் சக்கை எரிகிற புகையும் சேர்ந்து பனியோடு கீழேயே தங்கி நிற்கும். வயலுக்கு நடுவில் ஓலையோ தகரமோ வேய்ந்த கொட்டகை, பக்கத்தில் ஒரு புகைபோக்கி, சுற்றிலும் காயப்போட்ட சக்கை. இதைத்தான் நாங்கள் ஆலை என்கிறோம். ஆப்பக்கூடலில் இருக்கிற பெரிய சர்க்கரை ஆலை எங்களுக்கு மில். பேச்சில் இந்த இரண்டும் ஒருபோதும் குழம்பாது.

நிலம் வைத்திருந்து புதிதாக நாட்டுச்சர்க்கரை காய்ச்ச நினைப்பவர்கள் என்னிடம் முதலில் கேட்பது கொப்பரை (சாறு காய்ச்சுகிற அகன்ற பாத்திரம்), அடுப்பு, பதம் பற்றித்தான். அதெல்லாம் கடைசி மூன்று மணி நேர வேலை. அதற்கு முந்தைய பதினோரு மாதத்தில் கரும்புக்கு என்ன செய்தீர்களோ அதுதான் கொப்பரையில் தெரியும். அதனால் வயலிலிருந்தே ஆரம்பிக்கிறேன்.

முதலில் ஒரு முடிவு: மில்லுக்கா, ஆலைக்கா?

நடுவதற்கு முன்பே இதைத் தீர்மானித்துவிடுங்கள். மில்லுக்கு என்றால் பதிவு செய்ய வேண்டும், வெட்டு உத்தரவு வருகிறவரை காத்திருக்க வேண்டும். விலை மத்திய அரசு அறிவிப்பது. 2025-26 பருவத்துக்கு, சர்க்கரைக் கட்டுமானம், அதாவது கரும்பு எடையில் மில் எடுக்கிற சர்க்கரை, 10.25 சதவீதம் இருந்தால் குவிண்டாலுக்கு 355 ரூபாய். கட்டுமானம் 9.5 சதவீதமோ அதற்குக் கீழோ இருந்தால் 329 ரூபாய் 5 காசு, அதாவது டன்னுக்கு 3,290 ரூபாய்ச் சொச்சம். 1966ஆம் வருடக் கரும்புக் கட்டுப்பாட்டு ஆணைப்படி கரும்பு கொடுத்த 14 நாளில் பணம் வர வேண்டும், தாமதமானால் 15 சதவீத வட்டி உண்டு. சட்டத்தில் இருப்பதைச் சொல்கிறேன். கைக்கு எப்போது வருகிறது என்பது ஊருக்கு ஊர் வேறு கதை.

ஆலைக்கு என்றால் உறுதியான விலை கிடையாது, ஏலம்தான். கணக்கு இப்படிப் போடுங்கள். ஒரு டன் கரும்பை நம் ஆலை ரோலரில் ஆட்டினால் 600 கிலோ சாறு வரும், நல்ல ரோலர் என்றால் கொஞ்சம் கூடும். சாற்றில் பிரிக்ஸ், அதாவது கரைந்திருக்கும் பொருளின் சதவீதம், 18 இருந்தால் இனிப்பும் மற்றதும் சேர்ந்து 108 கிலோ. அழுக்காகவும் சிந்தியும் போனது போக 100 முதல் 105 கிலோ சர்க்கரை கைக்கு வரும். மில் விலையை 105ஆல் வகுத்தால் கிலோவுக்கு 31 ரூபாய் சொச்சம். வெட்டுக்கூலி இரண்டு பக்கமும் உண்டு, அதை விட்டுவிடலாம். காய்ச்சுகிற கூலி, மோட்டார்ச் செலவு, சாக்கு, வண்டி வாடகை எல்லாவற்றையும் கிலோவுக்கு இவ்வளவு என்று பிரித்து அந்த 31இன் மேல் ஏற்றுங்கள். வருகிற தொகைக்குக் கீழே ஏலம் போனால் மில்லே மேல். ஒரு வருடத்து விலையை நம்பி ஆலை கட்ட வேண்டாம், ஐந்து வருட விலையைப் பார்த்துவிட்டு முடிவெடுங்கள்.

தண்ணீர்

கவுந்தப்பாடிச் சுற்று கீழ்பவானிப் பாசனம். பவானிசாகர் அணை 1955இல் முடிந்தது, அந்த வாய்க்கால் வந்த பிறகுதான் இந்த மேட்டுப் பூமியின் முகமே மாறியது. ஆனால் கீழ்பவானியில் முறை வைத்துத்தான் தண்ணீர் விடுவார்கள், வருடம் முழுக்க ஓடாது. கரும்போ வருடம் முழுக்க நிற்கிற பயிர். வாய்க்கால் ஓடும்போது கிணறு ஊறும், வாய்க்கால் நின்ற பிறகு கிணற்றை நம்பிக் கரும்பு நிற்கும். வாய்க்காலில் கான்கிரீட் போடுகிற பேச்சு வந்தபோது விவசாயிகள் இரண்டு பக்கமாக நின்று போராடியதற்கு இந்தக் கசிவுநீர்தான் காரணம். வாய்க்காலின் கடைசியில் இருக்கிற கடைமடைக்காரருக்கு அது வீணாகிற தண்ணீர், கிணற்றுக்காரருக்கு அதுவே ஊற்று.

உங்கள் கிணற்றுத் தண்ணீரை நடுவதற்கு முன்பே பரிசோதனைக்குக் கொடுங்கள். உப்புத் தண்ணீர் குடித்து வளர்ந்த கரும்பில் சர்க்கரை உலராது, கசியும், நாக்கில் லேசாகக் கரிக்கும். அடுப்பில் எந்த வித்தை செய்தும் அதைச் சரிசெய்ய முடியாது. அப்படிப்பட்ட தோட்டத்துக் கரும்பை மில்லுக்கே அனுப்பிவிடுவது நல்லது.

சொட்டுநீர் போடுங்கள். தமிழ்நாட்டில் சிறு, குறு விவசாயிகளுக்கு 100 சதவீதம், மற்றவர்களுக்கு 75 சதவீதம் மானியம் இருக்கிறது.

ரகமும் நடவும்

கோ 86032. எங்கள் பக்கம் பெரும்பாலும் இதுதான். கோயம்புத்தூர்க் கரும்பு இனப்பெருக்க நிறுவனத்தில் உருவான ரகம். 1912இல் ஆரம்பித்த அந்த நிறுவனத்திலிருந்து வந்ததற்கு அடையாளமாகத்தான் பெயருக்கு முன்னால் அந்தக் ‘கோ’ நிற்கிறது. வறட்சியை ஓரளவு தாங்கும், மறுதாம்பு (வெட்டிய அடிக்கட்டையிலிருந்து மறுபடி வளர்கிற பயிர்) நன்றாக வரும், வெல்லத்துக்கும் சர்க்கரைக்கும் நிறம் நன்றாக இருக்கும். ஒரே ரகத்தை ஊரே நட்டிருப்பதில் ஆபத்தும் இருக்கிறது, நோய் வந்தால் எல்லோருக்கும் வரும். புது ரகங்களை அரை ஏக்கரில் போட்டு, தனியாக ஒரு கொப்பரை காய்ச்சிப் பார்த்துவிட்டு மாறுங்கள்.

ஏழு மாத வயதுக் கரும்பிலிருந்து கரணை, அதாவது நடுகிற துண்டு, எடுங்கள். முற்றிய கரும்பின் அடித்துண்டு வேண்டாம், கணுவிலிருக்கிற பரு முளைக்காது. தண்டைப் பிளந்து பாருங்கள். உள்ளே சிவப்பும் குறுக்கே வெள்ளைத் திட்டும் இருந்து, சாராய வாடை அடித்தால் செவ்வழுகல். அந்த வயலிலிருந்து ஒரு துண்டுகூடக் கொண்டுவரக் கூடாது, சும்மா கொடுத்தாலும்.

இருபருக் கரணை என்றால் ஏக்கருக்கு 30,000 வேண்டும். இப்போது ஒருபரு சீவி, குழித்தட்டில் தென்னைநார்க் கழிவு வைத்து நாற்று வளர்த்து நடுகிறார்கள். ஐந்தடிக்கு இரண்டடி இடைவெளி, ஏக்கருக்கு 5,000 நாற்றுக்குள் முடிந்துவிடும். நான் இதற்கு மாறிப் பல வருடமாகிறது. பார்க்கும்போது வயல் காலியாகக் கிடப்பது போலத் தெரியும், பக்கத்துத் தோட்டத்துக்காரர், “ஏனுங்க, மீதியை எப்ப நடுவீங்க?” என்று கேட்பார். மூன்று மாதம் கழித்து அவரே வந்து நாற்று எங்கே வாங்கினீர்கள் என்பார்.

மார்கழி, தையில் நட்டால் அடுத்த குளிர்காலத்தில் வெட்டலாம். சர்க்கரை தண்டில் நன்றாக ஏறுகிற காலமும் அதுதான்.

பதினோரு மாத வளர்ப்பு

களை, மண் அணைப்பு, தண்ணீர் எல்லாம் மற்ற கரும்பு போலத்தான். சர்க்கரைக்கென்று மாறுகிற இடங்களை மட்டும் சொல்கிறேன்.

முதலாவது யூரியா. வேளாண் பல்கலைக்கழகப் பரிந்துரையே வெல்லத்துக்குப் போகிற கரும்புக்குத் தழைச்சத்தைக் குறைத்து, ஹெக்டேருக்கு 175 கிலோ என்கிறது. ஏக்கருக்கு 70 கிலோ தழைச்சத்து. யூரியாவில் பாதிக்கும் குறைவுதான் தழைச்சத்து என்பதால், 45 கிலோ யூரியா மூட்டையில் மூன்றரை மூட்டைக்குள். அதை 30, 60, 90ஆம் நாள் என்று மூன்றாகப் பிரித்துப் போட்டு, மூன்றாம் மாதத்தோடு நிறுத்திவிடுங்கள்.

இதை நான் பணம் கொடுத்துக் கற்றுக்கொண்டேன். ஒரு வருடம் எட்டாம் மாதத்தில் கரும்பு வெளுத்தாற்போலத் தெரிந்தது. மனசு கேட்காமல் ஏக்கருக்கு ஒரு மூட்டை யூரியா போட்டேன். பச்சைப் பசேல் என்று எழும்பியது, எடையும் கூடுதல். காய்ச்சினால் பாகு இறுகவே இல்லை. தேய்த்துத் தேய்த்துக் கை வீங்கியதுதான் மிச்சம். மூட்டை போட்ட சர்க்கரை பத்து நாளில் சாக்கின் வெளியே கசிந்தது. அந்த வருடச் சரக்கை மாட்டுத் தீவனத்துக்குக் கேட்ட விலைக்குக் கொடுத்தேன்.

சாம்பல்சத்தைக் குறைக்காதீர்கள், இனிப்பு தண்டுக்கு இறங்க அது வேண்டும்.

ஐந்தாம் மாதமும் ஏழாம் மாதமும் சோகை, அதாவது காய்ந்த தோகை, உரிக்க வேண்டும். காற்றோட்டம் வரும், பூச்சி குறையும், ஆலைக்கு வரும்போது கரும்பு சுத்தமாக இருக்கும். உரித்த சோகையைக் காட்டிலேயே பார் (கரும்பு வரிசை) இடையில் பரப்புங்கள். இளங்குருத்துப்புழுவுக்கும் இடைக்கணுப்புழுவுக்கும் டிரைக்கோகிரம்மா முட்டை ஒட்டுண்ணி அட்டை கட்டலாம். வெட்டுவதற்கு ஒரு மாதம் இருக்கும்போது மருந்து டப்பாவைத் தொடவே கூடாது.

சாய்ந்த கரும்பு சர்க்கரைக்கு ஆகாது. சாய்ந்த இடத்தில் வேர் விட்டு, பக்கப்பரு முளைத்து, இனிப்பைத் தின்றுவிடும். நான்கு வரிசையைச் சேர்த்துச் சோகையாலேயே விட்டம் கட்டுங்கள்.

வெட்டு

கையில் பிடிக்கிற பிரிக்ஸ் மீட்டர் ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள். அடிக்கணுவிலும் நுனிக்கணுவிலும் சாறு எடுத்துப் பாருங்கள். இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றாகவும், 18க்கு மேலும் இருந்தால் வெட்டலாம். நுனி மட்டும் குறைந்தால் இன்னும் இரண்டு வாரம் பொறுங்கள். மீட்டர் இல்லாத காலத்தில் எங்கள் அப்பா குறுக்கே வெட்டி வெயிலில் பிடித்துப் பார்ப்பார், வெட்டுவாய் மினுமினுக்க வேண்டும். சரியாகத்தான் இருக்கும், ஆனால் அந்தக் கண் எனக்கு வரவில்லை.

மண்ணை ஒட்டி வெட்டுங்கள், அடியில்தான் இனிப்பு அதிகம். நுனியிலிருக்கிற கொழுந்தாடையைத் தாராளமாகக் கழித்துவிடுங்கள், மாடு தின்னட்டும். வெட்டின கரும்பை 24 மணி நேரத்துக்குள் ஆட்டிவிட வேண்டும். கிடக்கக் கிடக்க அதிலிருக்கிற சர்க்கரை உடைந்து, பாகு மணி பிடிக்காத வகையாக மாறிவிடும். வெட்டு ஆட்களை ஆலையின் வேகத்துக்குத் தகுந்தபடி கூப்பிடுங்கள். அவசரப்பட்டு மூன்று நாள் கரும்பை ஒரே நாளில் வெட்டிக் குவிப்பதுதான் புதியவர்கள் செய்கிற பெரிய தப்பு.

ஆலையில்

மூன்று உருளை இருக்கிற ரோலரில் கரும்பைக் கொடுக்கிறவர் துண்டு போட்டிருக்கக் கூடாது, வேட்டி நுனி தொங்கக் கூடாது, கடைசித் துண்டைக் கையால் தள்ளக் கூடாது. இதில் சமாதானமே கிடையாது. தூக்கத்தில் இருக்கிற ஆளை ரோலர் பக்கம் விடாதீர்கள்.

சாற்றை வடிகட்டித் தொட்டியில் விட்டு, கொஞ்ச நேரம் தெளிய விடுங்கள். ரொம்ப நேரம் வைத்தால் புளித்துவிடும். வெளிவருகிற சக்கையில் பாதி தண்ணீர். இரண்டு மூன்று நாள் வெயிலில் காய்ந்தால்தான் எரியும். அதனால் முதல் நாள் அடுப்புக்குச் சக்கை கையில் இருக்காது, முன்பே சேர்த்துவையுங்கள். மழை வந்தால் தொழில் நிற்பது கரும்பால் அல்ல, நனைந்த சக்கையால்தான்.

அடுப்பு மூட்டி, சாறு வெதுவெதுப்பாக ஏறும்போது சுண்ணாம்புத் தண்ணீரைச் சேர்க்க வேண்டும். பச்சைச் சாறு லேசான புளிப்பு, பி.எச். ஐந்தேகால் பக்கம் இருக்கும். அதை ஆறுக்கு அருகில் கொண்டுவரும் அளவுக்குத்தான் சுண்ணாம்பு. பி.எச். தாள் மருந்துக் கடையில் கிடைக்கும், வாங்கிவைத்துக்கொள்ளுங்கள். கூடிவிட்டால் சர்க்கரை கறுக்கும், நாக்கில் சுண்ணாம்பு தெரியும். குறைந்தால் இளகும்.

பிறகு அழுக்கு எடுப்பது. வெண்டைச் செடியின் தண்டை நசுக்கித் தண்ணீரில் ஊறவைத்துப் பிசைந்தால் கொழகொழவென்று ஒரு சாறு வரும். அதை ஊற்றினால் அழுக்கெல்லாம் திரண்டு மேலே மிதக்கும். சிலர் ஆமணக்கு விதையை அரைத்த பால் ஊற்றுவார்கள், நிலக்கடலைப் பாலும் ஆகும். சாறு தளபுளவென்று கொதிப்பதற்கு முன்பே அந்த அழுக்கை வாரி எடுத்துவிட வேண்டும். கொதி வந்துவிட்டால் அழுக்கு உள்ளேயே கலந்துவிடும், மறுபடி பிரியாது. பொறுமை வேண்டிய இடம் இதுதான். இங்கே பத்து நிமிடம் தீயைக் குறைத்து நின்றவர்களுக்குப் பின்னால் நிறத்துக்கு மருந்து தேவைப்படாது.

அந்த மருந்தைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். ஹைட்ரஸ் என்று ஆலைகளில் சொல்கிற சோடியம் ஹைட்ரோசல்பைட்டை ஒரு பிடி தூவினால் கறுத்த பாகு கண் முன்னாலேயே மஞ்சளாகும். வெளுப்பாக இருந்தால் ஏலத்தில் விலை கூடுகிறது என்பதுதான் இதற்குக் காரணம், ஆலைக்காரரை மட்டும் குற்றம் சொல்ல முடியாது. ஆனால் அந்த நிறம் நிற்காது, வைக்க வைக்க மறுபடி கறுக்கும். உணவுப் பாதுகாப்பு விதிப்படி வெல்லத்தில் கந்தக டைஆக்சைடு 70 பிபிஎம்முக்கு (பத்து லட்சத்தில் 70 பங்குக்கு) மேல் இருக்கக் கூடாது, பிடி கணக்கில் தூவுகிறவருக்கு அந்த அளவு எங்கே தெரியப்போகிறது. இன்னொன்று அஸ்கா கலப்பது. வெள்ளைச் சர்க்கரை மலிவாகக் கிடைக்கிற நாட்களில் மூட்டை மூட்டையாகக் கொப்பரையில் கொட்டி நாட்டுச்சர்க்கரை என்று விற்கிறார்கள். கரும்பு போட்ட விவசாயியின் விலை விழுவது இப்படித்தான். இரண்டையும் செய்யாதீர்கள். பழுப்பாக இருக்கிறது என்று வியாபாரி முகம் சுளித்தால் வாங்குகிறவரை நேராகத் தேடுங்கள், இப்போது அப்படிக் கேட்கிறவர்கள் நிறைய இருக்கிறார்கள்.

அழுக்கு எடுத்த பிறகு தீயை ஏற்றலாம். நுரை பொங்கி விளிம்புக்கு வந்தால் ஒரு கரண்டி தேங்காயெண்ணெயோ ஆமணக்கெண்ணெயோ விட்டால் அடங்கும். சாறு சுண்டச் சுண்ட கொதியின் சத்தம் மாறும். முதலில் சளசள, பிறகு கனத்த பொதபொத. குமிழி பெரிதாகி மெதுவாக வெடிக்கும். இப்போதிருந்து அடிபிடிக்காமல் துழாவிக்கொண்டே இருக்க வேண்டும்.

பதம்: தெர்மாமீட்டர் வைத்தால் வெல்லத்துக்கு 118 டிகிரி செல்சியஸ், சர்க்கரைக்கு இன்னும் கொஞ்சம் ஏற்றி 120 முதல் 122. கையால் பார்ப்பது என்றால், குளிர்ந்த தண்ணீரில் ஒரு சொட்டு விட்டு எடுத்து உருட்டுங்கள். உருண்டு நசுங்கினால் வெல்லப்பதமே இன்னும் வரவில்லை. தட்டில் போட்டால் டங் என்று சத்தம் வர வேண்டும். எங்கள் பதக்காரர் தெர்மாமீட்டரைப் பார்த்துச் சிரிப்பார். “அது சொல்றதுக்குள்ள பாகு போயிருமுங்க” என்பார். அது நிஜம்தான், கடைசி நான்கு டிகிரி மிக வேகமாக ஓடிவிடும். முதல் பருவம் முழுக்க அனுபவமுள்ள பதக்காரர் ஒருவரைக் கூலிக்கு வைத்துக்கொள்ளுங்கள், தெர்மாமீட்டரையும் வைத்துக்கொள்ளுங்கள்.

பதம் வந்ததும் கொப்பரையை இறக்கி மரத்தொட்டியில் சாய்க்க வேண்டும். நான்கு பேராவது வேண்டும், குழந்தைகள் பக்கத்தில் நிற்கக் கூடாது. இந்தப் பாகு மேலே பட்டால் தோலோடு ஒட்டிக்கொள்ளும், கொதிதண்ணீரைவிட மோசம். குழந்தைகளுக்கு வேண்டியது ஆறிய பிறகு கரும்புத் துண்டில் தொட்டுத் தின்கிற பாகுதான், அது வரும் என்று சொல்லித் திண்ணையில் உட்கார வையுங்கள்.

தொட்டியில் பாகைப் பரத்தித் துழாவ, ஓரத்தில் மணி கட்ட ஆரம்பிக்கும். அப்போது மரப்பலகையால் விடாமல் தேய்க்க வேண்டும். சூட்டிலேயே நீர் பறந்து பொலபொலவென்று உதிரும். இடையில் நிறுத்தினால் கட்டியாகிவிடும். ஆறிய பிறகு சல்லடையில் சலித்து, கட்டியை உடைத்து மறுபடி சலியுங்கள்.

மூட்டையும் ஏலமும்

சூடு முழுக்க ஆறாமல் மூட்டை பிடிக்காதீர்கள், உள்ளே வியர்த்துக் கட்டியாகும். ஒரு நாள் நிழலில் பரப்பி, உள்பையோடு சாக்கில் போட்டு, தரையில் படாமல் பலகை மேல் அடுக்குங்கள். ஐப்பசி மழைவரை வைக்க நினைத்தால் உலர்வு மிக முக்கியம். நாட்டுச்சர்க்கரை காற்றிலிருக்கிற ஈரத்தை இழுக்கும்.

கவுந்தப்பாடி ஒழுங்குமுறை விற்பனைக்கூடத்தில் 60 கிலோ மூட்டையாக ஏலம் நடக்கிறது. ஒரு ஏக்கரில் 40 டன் எடுத்தால் இதில் 70 மூட்டை பக்கம் வரும். பழனி கோயிலில் பஞ்சாமிர்தத்துக்கு இங்கிருந்துதான் சர்க்கரை வாங்குகிறார்கள். 2019இல் புவிசார் குறியீடு பெற்ற அந்தப் பஞ்சாமிர்தத்தில் மலைவாழைப்பழத்துக்கு அடுத்து இதுதான் முக்கியம். கோயில் கொள்முதல் இருக்கிற வாரத்தில் விலை நிமிரும், அதனால் தைப்பூசம், பங்குனி உத்திரத்தைப் பார்த்து வெட்டைத் திட்டமிடுகிறவர்கள் உண்டு. வெல்லமாகப் பிடித்தால் சித்தோடு சந்தை, அங்கே 30 கிலோ சிப்பம். அச்சுவெல்லமும் உருண்டையும் பொங்கலுக்கு முன்னால் அங்கேதான் குவியும். கடைக்கு நேராகப் பாக்கெட் போட்டு விற்பதென்றால் உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவோ உரிமமோ எடுத்துவிடுங்கள்.

மறுதாம்பு

கடைசி வண்டி போன அன்றே கட்டை சீவ ஆள் சொல்லுங்கள். தரைக்கு மேல் நிற்கும் அடிக்கட்டையை மண்ணோடு சீவினால்தான் அடிப்பருவிலிருந்து குருத்து வரும். சோகைக்குத் தீ வைக்க வேண்டாம், பார் இடையில் ஒதுக்கிவிடுங்கள். இடைவெளி விழுந்த இடத்தில் குழித்தட்டு நாற்றை வைத்து நிரப்புங்கள். உரத்தை மட்டும் முன்கூட்டியே, சீவின ஒரு வாரத்துக்குள் முதல் தவணையாகக் கொடுத்துவிட வேண்டும். ஆலை அடுப்பில் சேர்ந்த சக்கைச் சாம்பலை யாராவது கேட்டால் கொடுக்காதீர்கள். அள்ளிக்கொண்டுவந்து மறுதாம்புப் பாரில் தூவி, அன்றைக்கே தண்ணீர் திறந்துவிடுங்கள்.